மகனைக் கென்ட் டெஸ்ட் எழுத வைப்பதா, விடுவதா?

கிரேவ்ஸெண்ட் அம்மா:

வணக்கம் உறவுகளே,

இரண்டு வருடங்களுக்கு முன் லண்டன் ஈஸ்ட்ஹாமிலிருந்து கென்ட் மாவட்டத்துக் கிரேவ்ஸெண்டுக்கு வீடு மாறி வந்தோம். சொந்தக்காரர் கேட்டால் "இங்கே வீடு கொஞ்சம் மலிவு" என்று சொல்வேன். உண்மைக் காரணம், தேர்வு வைத்துப் பிள்ளைகளை எடுக்கும் அரச கிராமர் பாடசாலைகள்தான். இந்தக் களத்தில் அதை மறைக்கத் தேவையில்லை. உங்களில் பாதிப்பேர் கென்டுக்கு வந்ததும் அதற்காகத்தான் என்று எனக்குத் தெரியும்.

மகன் இப்போது ஐந்தாம் ஆண்டு படிக்கிறான். வருகிற செப்டெம்பரில் அந்தப் பாடசாலைகளுக்கான கென்ட் டெஸ்ட். ஜூன் மாதம் பதிவு தொடங்கும். பெற்றோர் பதிந்தால்தான் பிள்ளை எழுதலாம், பதியாவிட்டால் ஒருவரும் தேடி வரமாட்டார்கள். முடிவு எங்கள் கையில் இருப்பதால் வீட்டுக்குள் இரண்டு கட்சி ஆகிவிட்டது.

பிள்ளை கெட்டிக்காரன்தான், ஆனால் சரியான நிதானம். மணிக்கூட்டை வைத்துவிட்டுக் கேள்விகளைக் கொடுத்தால் பாதி வழியில் நின்றுவிடுவான். போன சனிக்கிழமை உருவங்களைத் திருப்பிப் பார்க்கும் கேள்வி ஒன்றில் "இதற்கு இரண்டு விடை வரலாம் அம்மா" என்று வாதாடத் தொடங்கி, தாளை வெட்டி மடித்து எனக்குக் காட்டி முடிக்கும்போது பயிற்சி நேரம் முடிந்துவிட்டது. அவன் சொன்னது சரி. அதற்காக விடைத்தாளில் இரண்டு பெட்டியை நிரப்ப முடியுமா?

டியூஷன் ஆசிரியர் "நாலாம் ஆண்டிலேயே கொண்டுவந்து விட்டிருக்க வேண்டும்" என்கிறார். இனி வாரம் இரண்டு முறை வரவேண்டுமாம், மணிக்கு 45 பவுண்.

கணவர் அடியோடு எதிர்ப்பு. ஊரில் ஐந்தாம் தரப் புலமைப்பரிசில் பரீட்சையில் வெட்டுப்புள்ளிக்கு நாலு புள்ளி குறைந்து போனவர் அவர். கரவெட்டிப் பக்கத்துச் சின்னப் பாடசாலையிலேயே படித்து, உயர்தரப் பரீட்சை எழுதி மொறட்டுவைப் பல்கலைக்கழகத்துக்குப் போனார். "பத்து வயதில் என்னைக் கழித்துவிட்டவர்களுக்கு என்னைப் பற்றி என்ன தெரிந்திருந்தது? அதே வேலையை என் பிள்ளைக்கு நானே செய்யவேண்டுமா?" என்று கேட்கிறார். மாமி மறுபக்கம். ஞாயிற்றுக்கிழமைதோறும் தொலைபேசியில் முதல் கேள்வியே "பேரன் ஸ்கொலர்ஷிப்புக்குப் படிக்கிறானா?" என்பதுதான்.

எழுத வைப்பதா, விடுவதா? அதோடு, இப்படிப் பத்து வயதில் பிள்ளைகளைப் பிரிப்பது சரி என்று நினைக்கிறீர்களா? இரண்டும் வேறு வேறு கேள்வி என்று தெரியும். எனக்கு ஒன்றை விட்டுவிட்டு மற்றதை யோசிக்க முடியவில்லை.

தென்லண்டன் தகப்பன்:

தங்கச்சி, எழுத வையுங்கள். இதில் யோசிக்க என்ன இருக்கிறது?

நான் பெட்ரோல் நிலையத்தில் இரவு வேலை செய்பவன். பெரியவன் சட்டனில் கிராமர் பாடசாலை ஒன்றில் பத்தாம் ஆண்டு, சின்னவன் போன செப்டெம்பரில் அதே இடத்தில் சேர்ந்தான். இரண்டு பேரையும் டியூஷனுக்கு அனுப்பவில்லை, அனுப்பக் காசும் இல்லை. பயிற்சிப் புத்தகங்கள் வாங்கினேன். காலையில் வேலை முடிந்து வந்து, பிள்ளை பாடசாலைக்குப் போகும் முன் அரைமணி நேரம் இருந்து பார்ப்பேன். தூக்கம் கண்ணைக் கட்டும், ஆனாலும் பார்ப்பேன்.

பத்து வயதில் பிரிப்பது பாவம் என்று சொல்பவர்களிடம் நான் ஒன்று கேட்கிறேன். டெஸ்ட் இல்லாத ஊரில் பிள்ளைகளைப் பிரிக்கவில்லையா? தேர்வில்லாமல் எல்லாரையும் சேர்க்கும், நல்ல பெயரெடுத்த பொதுப் பாடசாலையைச் சுற்றி வீட்டு விலை என்ன என்று பாருங்கள். அங்கே பிள்ளையின் மூளையைப் பார்க்கவில்லை, தகப்பனின் வங்கிக் கணக்கைப் பார்த்துப் பிரிக்கிறார்கள். காசு இருப்பவன் வீட்டை வாங்குவான், இன்னும் கொஞ்சம் இருப்பவன் தனியார் பாடசாலைக்கு அனுப்புவான். அதற்கும் 2025 ஜனவரியிலிருந்து 20 சதவீத வற் வரி சேர்ந்துவிட்டது. எங்களைப் போன்றவர்களுக்குக் காசில்லாமல் திறக்கிற கதவு இது ஒன்றுதான். அதையும் சமத்துவம் என்ற பெயரில் பூட்டச் சொல்பவர்களில் எத்தனை பேர் தங்கள் பிள்ளைகளை எங்கே படிப்பித்தார்கள் என்று தேடிப் பார்த்தால் சிரிப்பு வரும்.

உங்கள் கணவர் கெட்டிக்காரர், தப்பி வந்துவிட்டார். அவரோடு அதே நாலு புள்ளியால் விட்ட மற்றவர்கள் எல்லாரும் மொறட்டுவைக்குப் போனார்களா என்று கேளுங்கள்.

சுண்ணக்கட்டி:

கென்டில் கிராமர் அல்லாத ஒரு இடைநிலைப் பாடசாலையில் கணிதம் படிப்பிக்கிறேன். கடைசி வரியில் அண்ணா கேட்ட கேள்வி நல்ல கேள்வி. அந்த "மற்றவர்கள்" ஒவ்வொரு நாளும் என் வகுப்பில்தான் உட்கார்ந்திருக்கிறார்கள், எனவே பதில் சொல்லும் பொறுப்பு எனக்கு இருக்கிறது.

முதலில், சட்டனையும் கென்டையும் ஒன்றாகப் பேசக்கூடாது. சட்டனில் உள்ள சில கிராமர் பாடசாலைகளுக்குப் பாதி லண்டனிலிருந்து பிள்ளைகள் ரயிலேறி வருகிறார்கள். ஒவ்வொரு பகுதியிலிருந்தும் நாலைந்து பேர் போனால் அங்குள்ள பொதுப் பாடசாலைக்கு அது உறைக்காது. கென்டில் மாவட்டம் முழுவதும் இந்த முறைதான். 32 கிராமர் பாடசாலைகள் இருக்கின்றன, நாலில் ஒரு பிள்ளைக்கு இடம் என்ற கணக்கில்தான் தேர்வே அமைக்கப்பட்டிருக்கிறது. ஒவ்வொரு ஊரிலும் மேலே உள்ள கால்வாசியை எடுத்துவிட்டு மீதியை இன்னொரு கட்டடத்தில் வைக்கிறார்கள். அந்தக் கட்டடத்தைப் பொதுப் பாடசாலை என்று சொல்ல முடியாது. பெயர்ப் பலகையில் "அகாடமி" என்று இருக்கும், "ஹை ஸ்கூல்" என்றும் இருக்கும். பழைய பெயர் செகண்டரி மொடர்ன்.

1944ஆம் ஆண்டுக் கல்விச் சட்டத்துக்குப் பிறகு நாட்டின் பெரும்பகுதியில் பதினொரு வயதுப் பரீட்சை வைத்துப் பிள்ளைகளைப் பிரித்தார்கள். கிராமர், தொழில்நுட்பம், மொடர்ன் என்று மூன்று வகை என்றார்கள். தொழில்நுட்பப் பாடசாலைகளை மிகச் சில இடங்களில்தான் கட்டினார்கள், ஆகவே நடைமுறையில் சித்தி, தோல்வி என்ற இரண்டுதான் மிஞ்சியது. 1965இல் தொழிற்கட்சி அரசு எல்லா மாவட்டங்களையும் பொதுப் பாடசாலை முறைக்கு மாறும்படி சுற்றறிக்கை அனுப்பியது. கேட்டுக்கொண்டதே தவிரக் கட்டாயப்படுத்தவில்லை. பெரும்பாலானவை மாறின. கென்ட், பக்கிங்ஹாம்ஷயர், லிங்கன்ஷயர் போன்ற சில இடங்கள் அப்படியே இருந்துவிட்டன. இன்று இங்கிலாந்து முழுவதிலும் 163 கிராமர் பாடசாலைகள், இடைநிலை மாணவர்களில் ஏறத்தாழ இருபதில் ஒருவர் அங்கே. ஸ்கொட்லாந்திலும் வேல்ஸிலும் அரச கிராமர் பாடசாலை ஒன்றுகூட இல்லை. 1998ஆம் ஆண்டுச் சட்டம் புதிதாகத் தொடங்கத் தடை போட்டது, இருப்பவற்றை மூட வேண்டுமா என்று பெற்றோரே வாக்களிக்கலாம் என்றும் வைத்தது. அப்படி நடந்த வாக்கெடுப்பு ஒன்றே ஒன்று, 2000இல் யோர்க்ஷயரின் ரிப்பன் நகரில். மூன்றில் இரண்டு பங்கினர் "இருக்கட்டும்" என்றார்கள். அண்ணாவின் கட்சிக்கு ஆதரவு குறைவில்லை, ஒப்புக்கொள்கிறேன்.

இப்போது என் வகுப்பு. எட்டாம் ஆண்டில் ஒரு பிள்ளை. பெருக்கல் மறந்துவிட்டதா என்று பார்ப்பதற்காகப் பலகையில் 49 × 51 என்று எழுதினேன். எல்லாரும் கொப்பியில் கட்டம் போட்டுப் பெருக்கிக்கொண்டிருக்க, பின்வாங்கிலிருந்து இவள் பேனையைத் தொடாமலே "2499" என்றாள். எப்படி என்று கேட்டேன். "ஐம்பதும் ஐம்பதும் பெருக்கினால் 2500. இது அதிலிருந்து ஒரு அடி இந்தப் பக்கம், ஒரு அடி அந்தப் பக்கம். ஒன்றைக் கழித்தால் சரி, மிஸ்." 98 × 102 என்று எழுதினேன். சற்று யோசித்து "9996. இரண்டடி தள்ளி நிற்பதால் நாலு குறையும்" என்றாள். வர்க்க வித்தியாசம் என்ற பாடத்தை நான் இன்னும் ஒரு வருடம் கழித்துத்தான் தொடங்குவேன். "யார் சொல்லித் தந்தது?" என்று கேட்டதற்கு அவள் சொன்ன பதில், "ஒருவரும் இல்லை. நான் கென்ட் டெஸ்டில் தோற்றவள், மிஸ்."

கேட்ட கேள்விக்கும் அந்தப் பதிலுக்கும் என்ன சம்பந்தம்? ஆனால் எங்கள் பாடசாலையில் பிள்ளைகள் தங்களை அறிமுகப்படுத்துவதே அப்படித்தான். ஏழாம் ஆண்டின் முதல் வாரத்திலேயே யார் எத்தனை புள்ளியால் விட்டார்கள் என்பது எல்லாருக்கும் தெரியும். டெஸ்டின் மூன்று பகுதிகளுக்கும் (ஆங்கிலம், கணிதம், தர்க்கம்) சேர்த்து உச்சம் 423, கடந்த சில ஆண்டுகளாகத் தேவையான மொத்தம் 332, அதோடு ஒவ்வொரு பகுதிக்கும் தனியே ஒரு குறைந்தபட்சம். மொத்தத்தில் தாராளமாகத் தாண்டிவிட்டு, ஆங்கிலத்தில் ஒரே ஒரு புள்ளியால் விழுந்த பிள்ளைகளும் எங்களிடம் இருக்கிறார்கள். வீட்டில் தமிழ் பேசுகிற பிள்ளைகளுக்கு நடப்பது பெரும்பாலும் இதுதான், கவனியுங்கள்.

அந்தப் பிள்ளைக்கு மேலே படிப்பிக்க எங்களிடம் என்ன இருக்கிறது என்பதுதான் எனக்கு முக்கியமான கேள்வி. பௌதிகவியல் ஆசிரியர் போனபின் இரண்டு வருடமாக உயிரியல் ஆசிரியர் அந்தப் பாடத்தை இழுத்துச் செல்கிறார். உயர்தரத்தில் மேலதிகக் கணிதம் இல்லை, ஒரு வகுப்புக்குப் போதுமான பிள்ளைகள் சேர்வதில்லை. விளம்பரம் போட்டால், அதே ஊர்க் கிராமர் பாடசாலைக்கு விண்ணப்பித்துக் கிடைக்காதவர்கள்தான் நேர்முகத்துக்கு வருகிறார்கள். இதை யாருடைய குற்றமாகவும் சொல்லவில்லை. பிள்ளைகளைப் பிரித்தால் ஆசிரியர்களும் தாங்களாகவே பிரிந்துவிடுகிறார்கள்.

கிராமர் பாடசாலையின் பெறுபேறு உச்சத்தில் இருக்கிறதே என்பீர்கள். நன்றாகச் செய்யும் பிள்ளைகளைப் பொறுக்கி எடுத்தால் நன்றாகத்தான் செய்வார்கள். 2018இல் டேரம் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் ஒரு முழு ஆண்டு மாணவர்களின், ஐந்து இலட்சத்துக்கும் மேற்பட்டவர்களின், தரவுகளை எடுத்துப் பார்த்தார்கள். உள்ளே வரும்போது பிள்ளைகள் இருந்த நிலையையும் குடும்பப் பின்னணியையும் கணக்கில் சேர்த்தபின், கிராமர் பாடசாலைகள் மற்றவற்றைவிடக் கூடுதலாக எதையும் செய்துவிடவில்லை என்பதே அவர்களின் முடிவு. இலவச மதிய உணவுக்குத் தகுதியான பிள்ளைகள் அங்கே மிகக் குறைவாகத்தான் இருக்கிறார்கள் என்பது அரசின் புள்ளிவிவரங்களிலேயே ஆண்டுதோறும் வருகிறது. அண்ணா சொல்லும் காசில்லாத கதவு சட்டத்தில் எல்லாருக்கும் திறந்துதான் இருக்கிறது. ஆனால் இரவு வேலை முடிந்து வந்து அரைமணி நேரம் கொப்பி பார்க்கக்கூடிய தகப்பன் எத்தனை பிள்ளைகளுக்கு வாய்த்திருக்கிறார்?

இந்த முறை சரியா என்று என்னிடம் வாக்குக் கேட்டால் வேண்டாம் என்றுதான் போடுவேன். உங்கள் மகன் எழுதவேண்டுமா என்று கேட்டால், எழுதட்டும் என்கிறேன். இரண்டுக்கும் முரண்பாடு இருப்பதாக எனக்குப் படவில்லை. நீங்கள் பதியாமல் விட்டால் கென்ட் மாறிவிடாது, அந்த இடத்தில் இன்னொரு பிள்ளை உட்காரும், அவ்வளவுதான்.

ஆனால் அந்த 45 பவுணை மிச்சம் பிடியுங்கள். தேர்வைத் தயாரிக்கும் நிறுவனமே பழகுவதற்கான மாதிரித் தாள்களை இலவசமாக வெளியிட்டிருக்கிறது. கோடைகாலத்தில் அவற்றை மணிக்கூடு வைத்துச் செய்யட்டும். தெரியாத கேள்வியில் ஏதாவது ஒன்றை அடையாளமிட்டுவிட்டு அடுத்ததுக்குப் போகப் பழக்குங்கள், பிழையான விடைக்குப் புள்ளி குறைக்கமாட்டார்கள். நிதானமான பிள்ளைக்குச் சொல்லித்தர வேண்டியது அந்த ஒரு கெட்டித்தனம்தான்.

இன்னொரு வேலை, இதைத்தான் எங்கள் ஆட்கள் செய்வதே இல்லை. கிராமர் பாடசாலையைப் பார்க்கப் போவதற்கு முன், பக்கத்திலுள்ள மற்றப் பாடசாலைகளைப் போய்ப் பாருங்கள். கணிதம் யார் படிப்பிக்கிறார்கள், அந்தப் பாடத்தில் பட்டம் பெற்றவர்களா? மூன்று விஞ்ஞானப் பாடங்களையும் தனித்தனியே எடுக்கலாமா? உயர்தரம் இருக்கிறதா, இருந்தால் என்னென்ன பாடம்? இணையத்தில் புரோகிரெஸ் 8 என்ற முன்னேற்றக் கணக்கைத் தேடுவீர்கள். 2020, 2021இல் ஆறாம் ஆண்டுத் தேர்வுகள் நடக்காததால் அந்தப் பிள்ளைகளுக்கு அதைக் கணக்கிட முடியவில்லை, எனவே பழைய எண்களை வைத்து ஏமாறாதீர்கள். நேரில் போய்க் கேட்பதுதான் வழி. பார்த்துவிட்டு அவற்றில் ஒன்றை உங்கள் மனதுக்குப் பிடித்ததாகத் தேர்ந்தெடுத்து, மகனிடம் செப்டெம்பருக்கு முன்பே சொல்லுங்கள். ஒக்டோபரில் பெறுபேறு வந்தபின் சொன்னால் அது ஆறுதல் வார்த்தை என்று பத்து வயதுப் பிள்ளைக்கும் புரியும்.

மேலே சொன்ன பிள்ளையின் தாயிடம், பதினாறு வயதில் கிராமர் பாடசாலைகள் உயர்தரத்துக்கு வெளியிலிருந்தும் மாணவர்களை எடுக்கின்றன என்று இப்போதே சொல்லி வைத்திருக்கிறேன். பொதுத் தேர்வில் தேவையான தரங்கள் இருந்தால் போதும், டெஸ்ட் கிடையாது. பலருக்கு இந்த வழி இருப்பதே தெரியாது.

ரூர்க்கரை:

ஜெர்மனியிலிருந்து ஒரு குரல். டெஸ்டைத் திட்டுவதற்கு முன் இதையும் கேளுங்கள்.

இங்கே பரீட்சை கிடையாது. நாலாம் வகுப்பில் வகுப்பு ஆசிரியர் பரிந்துரை எழுதுவார். கிம்னாசியமா (பல்கலைக்கழகத்துக்குக் கொண்டுபோவது), ரியால்ஷூலையா (நடுத்தரம்), ஹவுப்ட்ஷூலையா (அடிப்படை) என்று அதில் இருக்கும். பவேரியாவில் மூன்று பாடங்களின் சராசரி 2.33 அல்லது அதைவிடச் சிறப்பாக (இங்கே 1தான் மிகச் சிறந்த தரம்) இருந்தால்தான் கிம்னாசியத்துக்கு நேரடித் தகுதி. நாங்கள் இருக்கும் நோர்ட்ரைன் வெஸ்ட்ஃபாலியாவில் பரிந்துரை பெற்றோரைக் கட்டுப்படுத்தாது, ஆனால் அதை மீறத் தைரியம் வேண்டும். மொழி தெரியாமல் வந்த எங்கள் தலைமுறைக்கு அந்தத் தைரியம் எங்கிருந்து வரும்? ஆசிரியர் சொன்னால் சரி என்று தலையாட்டிவிட்டு வந்தவர்கள்தான் அதிகம்.

என் மகளுக்கு, புள்ளிகள் நன்றாக இருந்தும் ரியால்ஷூல என்று எழுதினார்கள். காரணம் கேட்டதற்கு "வீட்டில் ஜெர்மன் மொழியில் உதவி கிடைக்காது" என்றார்கள். அதாவது பிள்ளையைப் பார்க்கவில்லை, என்னைப் பார்த்தார்கள். பிரிக்காமல் எல்லாரையும் சேர்த்துப் படிப்பிக்கும் கெஸாம்ட்ஷூலயில் சேர்த்தோம், அங்கிருந்தே பல்கலைக்கழகத்துக்கான அபிட்டூர் எடுத்தாள்.

அதனால் எனக்கு உங்கள் கென்ட் டெஸ்ட்மீது ஒரு மரியாதை இருக்கிறது. அந்தத் தாளைத் திருத்தும் இயந்திரத்துக்கு எங்கள் பெயரை வாசிக்கத் தெரியாது. டீச்சர் சொல்வதுபோலப் பிரிப்பதே பிழையாக இருக்கலாம். பிரித்தே தீருவோம் என்றால், ஒரு மனிதரின் அபிப்பிராயத்தைவிடத் தாள் மேல் என்பேன்.

தென்லண்டன் தகப்பன்:

ஜெர்மனித் தம்பி சொன்னதைத்தான் நானும் சொல்ல வந்தேன். டீச்சர், உங்கள் பிள்ளைகளுக்குப் பௌதிகவியல் ஆசிரியர் இல்லை என்றால் அரசாங்கம் ஆசிரியரைக் கொடுக்க வேண்டும். அதற்காக இருக்கிற நல்ல பாடசாலையை ஏன் மாற்ற வேண்டும்?

சுண்ணக்கட்டி:

அண்ணா, கொடுக்கட்டும், யார் வேண்டாம் என்றது? 1944இலிருந்தே கொடுப்பதாகத்தான் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். மூன்று வகைப் பாடசாலைக்கும் சம மதிப்பு என்பதுதான் அன்றைய பேச்சு.

ரூர்க்கரை சொன்னது மிகச் சரி, அந்த ஆபத்தை நான் குறைத்துப் பேசவில்லை. கென்டிலும் தாளுக்குப் பிறகு மனிதர்கள் வருகிறார்கள், அதைப்பற்றி அடுத்து யாராவது கேட்பார்கள் என்று நினைக்கிறேன்.

கிரேவ்ஸெண்ட் அம்மா:

எல்லாருக்கும் நன்றி. கணவருக்கு முழுவதையும் வாசித்துக் காட்டினேன். பெருக்கல் கதை வந்த இடத்தில் இரண்டாம் முறை வாசிக்கச் சொன்னார். பதிவதற்குச் சம்மதித்துவிட்டார், டியூஷன் கிடையாது என்ற நிபந்தனையோடு. மாமிக்கு இன்னும் சொல்லவில்லை.

டீச்சர் அக்கா, அந்த "மனிதர்கள்" விடயத்தை நானே கேட்கிறேன். மயிரிழையில் விட்டால் தலைமையாசிரியர் மூலம் ஏதோ செய்யலாம் என்கிறார்களே, அது என்ன? விண்ணப்பத்தில் கிராமரை முதலாவதாகப் போட்டால் மற்றப் பாடசாலை கோபித்துக்கொண்டு இடம் தராமல் விட்டுவிடுமா?

சுண்ணக்கட்டி:

புள்ளிகள் உங்களுக்கு வருவதற்கு முன்பே மகனின் ஆரம்பப் பாடசாலைத் தலைமையாசிரியருக்குத் தெரியும். கிராமருக்கு ஏற்ற பிள்ளை, அன்று மட்டும் சறுக்கிவிட்டான் என்று அவர் நினைத்தால், அந்தப் பகுதித் தலைமையாசிரியர்கள் குழுவுக்கு அனுப்பலாம். குழு பார்ப்பது வகுப்பு வேலைகளையும், டெஸ்ட் அன்று எழுதும் கட்டுரையையும். அந்தக் கட்டுரைக்குப் புள்ளி கிடையாது என்று சொல்லி எல்லாரும் அலட்சியமாக விடுவார்கள். அப்படி விடாதீர்கள், பத்து நிமிடம் திட்டமிட்டு அரைமணி நேரம் எழுதப் பழகட்டும். ஜூலைக்கு முன் வகுப்பாசிரியரோடு ஒருமுறை பேசி, அவனுடைய கொப்பிகள் எப்படி இருக்கின்றன என்று பார்த்துவிடுங்கள். அனுப்புவதா இல்லையா என்பது தலைமையாசிரியரின் தீர்மானம், நீங்கள் வற்புறுத்த முடியாது. ரூர்க்கரை சொன்ன ஆபத்து கென்டில் நுழையும் இடமும் இதுதான். இங்கே தமிழ்ப் பெற்றோர் பாடசாலைக் கூட்டங்களுக்குப் போய்ப் பேசுவதில்லை.

விண்ணப்பம் ஒக்டோபர் 31க்குள் போடவேண்டும். பெறுபேறு அதற்கு முன் வந்துவிடும், எனவே கண்ணை மூடிக்கொண்டு நிரப்பவேண்டியதில்லை. நீங்கள் எந்த வரிசையில் போட்டீர்கள் என்று பாடசாலைகளுக்குத் தெரியாது. ஒவ்வொன்றும் தன் விதிப்படி பார்க்கும், கிடைக்கக்கூடியவற்றில் உங்கள் பட்டியலில் மேலே இருப்பதை மாவட்டம் தரும். கிராமரை முதலாவதாகப் போடுவதால் ஒன்றும் கெடாது. சித்தியடைந்தால் மட்டும் இடம் உறுதி என்றும் நினைக்கவேண்டாம், சில பாடசாலைகள் புள்ளி வரிசையில் எடுக்கின்றன, சில தூரத்தைப் பார்க்கின்றன. பட்டியல் முழுவதையும் கிராமரால் நிரப்பிவிட்டு, எதுவும் கிடைக்காமல் மார்ச் 1ஆம் திகதி ஊருக்கு அப்பால் மிச்சமிருக்கும் பாடசாலையின் பெயரைப் பார்த்து அழுத பெற்றோரை எனக்குத் தெரியும். நீங்கள் போய்ப் பார்த்துப் பிடித்த அந்த மற்றப் பாடசாலையை, தூரக் கணக்கில் உங்களுக்கு நிச்சயம் கிடைக்கும் என்றால், கட்டாயம் எழுதுங்கள்.